சேப்பாக்கம்: தேர்வு மண்டபத்திலிருந்து வளர்ந்த வளாகம்

சென்னையில் நேப்பியர் பாலத்தின் தென்கோடியில் தொடங்கி ராணி மேரி கல்லூரி வரை, காமராஜர் சாலையின் மேற்கு ஓரமாக நடந்தால் தூரம் மூன்று கிலோமீட்டரைத் தாண்டாது. அதற்குள் சென்னைப் பல்கலைக்கழகத்தின் சேப்பாக்கம் வளாகம், ஆர்க்காட்டு நவாபின் அரண்மனை, மாநிலக் கல்லூரி, ராணி மேரி கல்லூரி எல்லாம் வந்துவிடுகின்றன. ஆகஸ்ட் 22-ஐ மெட்ராஸ் தினமாகக் கொண்டாடும் வழக்கம் 2004-இல் தொடங்கியது. பத்திரிகையாளர் எஸ். முத்தையாவும் அவருடைய நண்பர்களும் தொடங்கி வைத்த அந்தக் கொண்டாட்டத்தோடு, வழிகாட்டி ஒருவரின் பின்னால் கூட்டமாக நடந்து பழைய இடங்களைப் பார்க்கும் பாரம்பரிய நடைகளும் நகரில் பெருகின. சேப்பாக்கத்தின் கடற்கரை முகப்பு அந்த நடைகளுக்கு வாடிக்கையான தடம்.

இந்தத் தடத்தில் ஒரு சிக்கல் உண்டு. வடக்கிலிருந்து தெற்கே நடப்பவருக்குக் கட்டடங்கள் கால வரிசையில் வருவதில்லை. 1879-இல் முடிந்த, பல்கலைக்கழகத்தின் செனட் ஹவுஸ் முதலில் எதிர்ப்படும். 1768-இல் எழுந்த அரண்மனை அதற்கு அப்பால் இருக்கிறது; 1870-இல் திறக்கப்பட்ட மாநிலக் கல்லூரி இன்னும் தெற்கே. எனவே வாலாஜா சாலை முனையில் நின்று அரண்மனைக் கதையை முதலில் சொல்லி முடித்துவிடுவதுதான் நல்லது. நிலம் யாருடையதாக இருந்தது என்று தெரியாமல் அதன்மேல் நிற்கும் கட்டடங்களைப் பேசினால் பாதிக் கதைதான் கிடைக்கும்.

நிலம் நவாபுடையது. ஆர்க்காட்டு நவாப் முகம்மது அலி வாலாஜா, கிழக்கிந்தியக் கம்பெனியின் கோட்டைக்குப் பக்கத்தில் இருப்பதே பாதுகாப்பு என்று கருதி, கூவத்துக்குத் தெற்கே கடலைப் பார்த்த பெரும் பரப்பில் மாளிகை கட்டிக்கொண்டார். இரண்டு மாடிகள் கொண்ட கலச மகாலும் அதையடுத்த ஹுமாயூன் மகாலும் அதன் இரண்டு பகுதிகள். கட்டியவர் பால் பென்ஃபீல்ட் என்பது நெடுங்காலமாகச் சொல்லப்பட்டுவரும் செய்தி. பென்ஃபீல்ட் கம்பெனியின் கட்டுமான ஒப்பந்தக்காரர் மட்டுமல்லர். நவாபுக்கு வட்டிக்குப் பணம் கொடுத்துக் கொழுத்தவர்களில் முதல் வரிசைக்காரரும் அவரே. அந்தக் கடன் விவகாரம் லண்டன் வரை நாறியது. 1785-இல் எட்மண்ட் பர்க் பிரிட்டிஷ் நாடாளுமன்றத்தில் ஆர்க்காட்டு நவாபின் கடன்களைப் பற்றி ஆற்றிய நீண்ட உரையில் பென்ஃபீல்டைக் கிழித்தெடுத்தார்.

1801 ஒப்பந்தத்தால் கர்நாடகப் பகுதியின் ஆட்சி முழுவதும் கம்பெனியின் கைக்குப் போனது. நவாபுக்கு மிஞ்சியது பட்டமும் படித்தொகையும் மாளிகையும்தான். 1855-இல் நவாப் குலாம் முகம்மது கௌஸ் கான் பிள்ளையில்லாமல் இறந்தபோது நேரடி வாரிசு இல்லையென்று சொல்லி நவாப் பட்டமே ஒழிக்கப்பட்டது. அரண்மனை ஏலத்துக்கு வந்தது; சென்னை அரசே அதை வாங்கிக்கொண்டது. நவாபின் குடும்பத்தார் பிற்காலத்தில் ராயப்பேட்டை அமீர் மகாலுக்குக் குடிபோனார்கள். கோட்டைக்கு அருகில், கடற்காற்று வீசும் விரிந்த நிலம் இப்படி அரசுக்குக் கிடைத்ததால்தான், அடுத்த கால் நூற்றாண்டில் கல்விக் கட்டடங்களை இங்கே வரிசையாக எழுப்ப முடிந்தது.

அரண்மனையே சில காலம் கல்லூரியாகவும் இருந்தது. இன்று கிண்டியில் இருக்கும் பொறியியல் கல்லூரி, 1794-இல் நில அளவைப் பள்ளியாகத் தொடங்கியது. அது 1862 முதல் 1920 வரை கலச மகாலில்தான் நடந்தது. நவாபின் கூடத்தில் உட்கார்ந்து மாணவர்கள் பாலமும் கால்வாயும் வரைந்த ஏறக்குறைய அறுபது ஆண்டுகளை நடைக்கு வருபவர்கள் பெரும்பாலும் கேள்விப்பட்டிருப்பதில்லை. ஹுமாயூன் மகாலில் வருவாய் வாரியம் குடியேறியது. இரண்டு மகால்களுக்கும் நடுவில் நிற்கும் உயர்ந்த கோபுரம் நவாப் காலத்ததன்று. அரசு கட்டடக் கலைஞர் ராபர்ட் ஃபெல்லோஸ் சிஷோம் பிற்பாடு சேர்த்தது. இன்றைக்கு எழிலகம் முதலான அரசு அலுவலகக் கட்டடங்கள் சுற்றிலும் நெருக்கிக்கொண்டு நிற்பதால் அரண்மனையைத் தேடித்தான் பார்க்க வேண்டியிருக்கிறது. 2012 ஜனவரியில் கலச மகாலில் பெருந்தீ பற்றியது. பிறகு அது பழைய முறையிலேயே செப்பனிடப்பட்டது.

பல்கலைக்கழகத்தின் கதை ஒரு மனுவில் தொடங்குகிறது. 1839 நவம்பர் 11-ஆம் தேதியிட்ட பொது மனு ஒன்றில் சென்னை மாகாணத்தார் 70,000 பேர் கையெழுத்திட்டு, ஆங்கில வழி உயர்கல்விக்கு ஏற்பாடு செய்ய வேண்டும் என்று ஆளுநர் எல்ஃபின்ஸ்டனிடம் கேட்டார்கள். அரசின் தலைமை வழக்கறிஞர் ஜார்ஜ் நார்ட்டன் அதற்குத் துணை நின்றார். அந்தக் காலத்தில், அஞ்சலும் ரயிலும் இன்றுபோல் இல்லாத மாகாணத்தில், 70,000 கையெழுத்துகள் திரட்டுவது லேசான காரியமில்லை. கேட்டது பெரிது, கிடைத்தது சிறிது. 1840-இல் ஒரு பல்கலைக்கழக வாரியம் அமைந்தது. எழும்பூரில் ஒரு வீட்டில் ஆயத்தப் பள்ளியும் அடுத்த ஆண்டு உயர்நிலைப் பள்ளியும் தொடங்கின. கேம்பிரிட்ஜில் கணிதம் படித்துவிட்டு வந்த இயர் பர்ட்டன் பவல் அதன் தலைமையை ஏற்றார். அந்தப் பள்ளிதான் 1850-களில் மாநிலக் கல்லூரி ஆனது.

பல்கலைக்கழகத்துக்கு, மனுவிலிருந்து எண்ணினால், பதினெட்டு ஆண்டுகள் காத்திருக்க வேண்டியிருந்தது. சார்லஸ் வுட்டின் 1854 கல்வி அறிக்கை கல்கத்தா, பம்பாய், சென்னை மூன்றிலும் பல்கலைக்கழகம் வேண்டும் என்றது. சென்னைக்கான சட்டம் 1857 செப்டம்பர் 5-ஆம் தேதி நிறைவேறியது. டெல்லி அன்றைக்கு இன்னும் கிளர்ச்சியாளர்களின் கையில்தான் இருந்தது. வடக்கே ஆட்சியே ஆட்டம் கண்டுகொண்டிருந்த வாரத்தில் தெற்கே பட்டம் வழங்கும் அமைப்பு ஒன்றைச் சட்டமாக்கிக்கொண்டிருந்தார்கள்.

இந்த அமைப்பு பாடம் நடத்தவில்லை என்பதை அழுத்திச் சொல்ல வேண்டும். மூன்று பல்கலைக்கழகங்களுக்கும் மாதிரி லண்டன் பல்கலைக்கழகம். இணைந்த கல்லூரிகள் பாடம் சொல்லித் தரும். பல்கலைக்கழகம் பாடத்திட்டம் வகுக்கும், தேர்வு வைக்கும், பட்டம் தரும். வகுப்பறை, விடுதி, ஆய்வுக்கூடம் எதுவும் அதற்குத் தேவைப்படவில்லை. தேவைப்பட்டவை ஒரு பதிவாளர் அலுவலகமும், ஆட்சிப் பேரவை (செனட்) கூட ஓரிடமும், ஆயிரக்கணக்கான மேசைகளைப் போட்டுத் தேர்வு நடத்த ஒரு பெரிய மண்டபமும்தான். சேப்பாக்கம் வளாகத்தின் அமைப்பைப் புரிந்துகொள்ள இது ஒன்றே திறவுகோல். பல்கலைக்கழகத்தின் மிகப் பழைய கட்டடம் ஏன் ஒரு மண்டபமாக இருக்கிறது, துறைக் கட்டடங்கள் ஏன் அதற்குப் பின்னால் பிற்காலத்தில் ஒட்டுப்போட்டதுபோல் வந்தன என்பதற்கு வேறு விளக்கம் தேட வேண்டாம்.

எல்லை மட்டும் மிக அகலமாக இருந்தது. மைசூர், திருவிதாங்கூர், ஆந்திரப் பகுதிகள், கடல் தாண்டி இலங்கை என எல்லா இடங்களிலிருந்தும் மாணவர்கள் சென்னையின் தேர்வை எழுதினார்கள். முதல் பட்டதாரிகள் இருவருமே யாழ்ப்பாணத்துக்காரர்கள்: சி. வை. தாமோதரம் பிள்ளையும் கரோல் விசுவநாத பிள்ளையும். இருவரும் வட்டுக்கோட்டை செமினரியில் படித்தவர்கள். தாமோதரம் பிள்ளை பின்னாளில் தொல்காப்பிய உரைகளையும் 1887-இல் கலித்தொகையையும் அச்சேற்றி, பழந்தமிழ்ப் பதிப்புத் துறைக்கே வழி திறந்தார். ஆங்கிலம் அறிந்த எழுத்தர்களையும் அலுவலர்களையும் உருவாக்க ஏற்படுத்திய தேர்வு, தன் முதல் ஆண்டுகளிலேயே ஒரு தமிழ்ப் பதிப்பாசிரியரைத் தந்தது. தேர்வை ஏற்படுத்தியவர்கள் இதை எதிர்பார்த்திருக்க மாட்டார்கள்.

1864-இல் சேப்பாக்கத்தில் மாநிலக் கல்லூரிக்கும் செனட் ஹவுஸுக்கும் வடிவமைப்புகள் கோரி அரசு போட்டி அறிவித்தது. வென்றவர் சிஷோம். ஒருவரே வரைந்த இரண்டு கட்டடங்களும் இன்று ஒரே சாலையில் கூப்பிடு தூரத்தில் நிற்கின்றன. ஆனால் முன்னறிவு இல்லாமல் பார்ப்பவர் இரண்டும் ஒரு கையிலிருந்து வந்தவை என்று நம்பமாட்டார். மாநிலக் கல்லூரி இத்தாலியப் பாணியில் அமைந்தது. அதில் இந்திய வாடை குறைவு. விக்டோரியா மகாராணியின் மகன் எடின்பரோ கோமகன் 1870 மார்ச் 25-ஆம் தேதி அதைத் திறந்துவைத்தார். அதுவரை கல்லூரி எழும்பூரிலும் பிராட்வேயிலும் வீடு மாறிக்கொண்டிருந்தது.

செனட் ஹவுஸ் 1874 ஏப்ரலில் தொடங்கி 1879-இல் முடிந்தது. போட்டிக்கும் இந்தக் கட்டுமானத்துக்கும் இடைப்பட்ட ஆண்டுகளில் சிஷோமின் கை மாறிவிட்டிருந்தது. அந்த ஆண்டுகளில் ஆளுநராக இருந்த நேப்பியர் இந்தியக் கட்டடக் கலையில் ஆர்வமுள்ளவர். மதுரைத் திருமலை நாயக்கர் மகாலைச் செப்பனிடும் பணி அவர் காலத்தில் சிஷோமிடம் வந்தது. அந்த மகாலின் பருத்த தூண்களுக்கும் வளைவுகளுக்கும் இடையில் வேலை செய்தவர் பிறகு இத்தாலியை நகலெடுத்துக்கொண்டிருக்கவில்லை. பக்கத்திலேயே நவாபின் அரண்மனை வேறு இருந்தது. இந்தோ-சாரசெனிக் என்று பெயர் பெற்ற கலப்புப் பாணியின் தொடக்கக் கட்டடங்களுள் ஒன்றாகச் செனட் ஹவுஸ் எழுந்தது: செங்கல் சுவர், நான்கு மூலையிலும் குவிமாடம் தாங்கிய கோபுரங்கள், பக்கவாட்டில் பெரிய கல் தூண்கள் தாங்கும் தாழ்வாரங்கள், நடுவில் மாபெரும் மண்டபம். பைசாந்தியச் சாயலும் அதில் கலந்திருக்கிறது. திருவனந்தபுரம் நேப்பியர் அருங்காட்சியகமும் சென்னை விக்டோரியா பொது மண்டபமும் அவர் வரைந்தவையே. சென்னைக் கலைப் பள்ளிக்கு அவர் சில ஆண்டுகள் தலைமையும் வகித்தார்.

வழிகாட்டி நடையில் வருபவர்கள் செனட் ஹவுஸின் கிழக்குப் பக்கத்தில் நின்று படமெடுத்துவிட்டுப் போய்விடுவது வழக்கம். உள்ளே அனுமதி கிடைக்கும் நாளில் மண்டபத்தின் நடுவில் நின்று மேலே பார்க்க வேண்டும். உயர்ந்த கூரைக்குக் கீழே வண்ணக் கண்ணாடிச் சன்னல்கள் ஓடுகின்றன. சுவரில் வண்ணம் தீட்டிய கோலப் பட்டைகள். காலை வெயில் கடல் பக்கத்திலிருந்து ஏறும்போது கண்ணாடியின் நிறம் தரையில் விழும். இத்தனை அலங்காரமும், வியர்வையோடு விடை எழுதும் மாணவர்களுக்காகவும் ஆண்டுக்கொரு முறை பட்டம் வாங்க வருபவர்களுக்காகவும் செய்யப்பட்டது என்பது விந்தைதான். இருபதாம் நூற்றாண்டின் பிற்பகுதியில் கட்டடம் கவனிப்பாரின்றிக் கிடந்தது. பல்கலைக்கழகத்தின் 150-ஆவது ஆண்டை ஒட்டி அது விரிவாகச் செப்பனிடப்பட்டது.

இந்த மண்டபத்தில் சட்டமன்றமும் நடந்தது. 1937 தேர்தலுக்குப் பிறகு ராஜாஜி தலைமையில் அமைந்த அரசு பதவியேற்றபோது, பெரிதாகிவிட்ட சட்டப் பேரவைக்குக் கோட்டையில் இடம் போதவில்லை. 1937 ஜூலை 14 முதல் டிசம்பர் 21 வரை பேரவைக் கூட்டங்கள் செனட் ஹவுஸில் நடந்தன. பிறகு இன்றைய ராஜாஜி மண்டபத்துக்கு மாறின. வளாகத்தில் 1887-ஆம் ஆண்டின் ஆட்சிப் பொன்விழாவையொட்டி அளிக்கப்பட்ட விக்டோரியா மகாராணி சிலையும் உண்டு. பட்டமளிப்பு, தேர்வு, பேரவை மூன்றையும் அந்தச் சிலை பார்த்திருக்கிறது.

தேர்வு மட்டுமே நடத்திய அமைப்பின் குறை எங்கே வெளிப்பட்டது என்று கேட்டால், சீனிவாச ராமானுஜனின் கதையைச் சொன்னால் போதும். பட்டப் படிப்புக்கு முந்தைய கட்டமான, இந்தப் பல்கலைக்கழகத்தின் எஃப்.ஏ. தேர்வில் அவர் தேறவே இல்லை. கணிதத்தைத் தவிர மற்றப் பாடங்கள் காலை வாரிவிட்டன. 1912-இல் சென்னைத் துறைமுகத்தில் மாதம் 30 ரூபாய்க்குக் கணக்கராக அமர்ந்தார். கேம்பிரிட்ஜ் கணித அறிஞர் ஹார்டிக்கு அவர் எழுதிய கடிதங்களுக்குப் பிறகு, வானிலைத் துறைத் தலைவர் கில்பர்ட் வாக்கர் பல்கலைக்கழகப் பதிவாளருக்குப் பரிந்துரை எழுதினார். பட்டம் இல்லாத ஒருவருக்கு ஆராய்ச்சி உதவித்தொகை தர விதி இடம் கொடுக்கவில்லை என்ற தடையைத் தாண்டி, 1913 மே முதல் மாதம் 75 ரூபாய் வழங்கப்பட்டது. பல்கலைக்கழகத்தின் முதல் ஆராய்ச்சி உதவித்தொகையாளர் அவர். காலாண்டுக்கு ஒருமுறை அறிக்கை தர வேண்டும் என்பது நிபந்தனை. மூன்று அறிக்கைகளைக் கொடுத்துவிட்டு 1914 மார்ச்சில் இங்கிலாந்துக்குக் கப்பலேறினார். பயணத்துக்கும் தங்குவதற்கும் ஆண்டுக்கு 250 பவுண்டு கொடுத்ததும் பல்கலைக்கழகமே. எஃப்.ஏ.யில் அவரைத் தோற்கடித்ததும் அதே பல்கலைக்கழகம் என்பதை வழிகாட்டிகள் விடாமல் சொல்கிறார்கள், சொல்லவும் வேண்டியதுதான்.

பாடம் நடத்தும், ஆய்வு செய்யும் பல்கலைக்கழகமாக அது மாறியது 1923 சட்டத்துக்குப் பிறகு. மாற்றத்தின் அடையாளமாக நிற்பது செனட் ஹவுஸை அடுத்துள்ள நூலகக் கட்டடம். மாநிலக் கல்லூரியில் கணித ஆசிரியராக இருந்த எஸ். ஆர். ரங்கநாதன் 1924 ஜனவரியில் பல்கலைக்கழகத்தின் முதல் நூலகர் ஆனார். வந்த சில நாள்களிலேயே வேலை சலித்துப்போய் வகுப்பறைக்கே திரும்பிவிட நினைத்தவரைச் சமாதானப்படுத்தி லண்டனுக்குப் படிக்க அனுப்பினார்கள். அங்கே ஒரு கடையில் பிள்ளைகள் விளையாடும் மெக்கானோ உறுப்புகளைப் பார்த்தபோதுதான் நூல்களை வகைப்படுத்தக் கோலன் முறைக்கான எண்ணம் பிறந்ததாக அவரே சொல்லியிருக்கிறார். சிறு உறுப்புகளைச் சேர்த்துச் சேர்த்து எத்தனையோ உருவங்களைச் செய்வதுபோல், பொருள் கூறுகளைச் சேர்த்து எந்த நூலுக்கும் எண் கொடுக்கலாம் என்பது அதன் அடிப்படை. நூலக அறிவியலின் ஐந்து விதிகள் 1931-இலும் கோலன் பகுப்பு 1933-இலும் சென்னையில் வெளிவந்தன. உலகமெங்கும் நூலகப் படிப்பில் இன்றும் சொல்லித்தரப்படும் அந்த இரண்டும் சேப்பாக்கத்து வேலைமேசையில் உருவானவை. நூலகம் 1936-இல் சொந்தக் கட்டடத்துக்கு வந்தது.

அதே ஆண்டில்தான் பல்கலைக்கழகத்தின் மிகப் பெரிய தமிழ் வேலையும் ஒரு கட்டத்துக்கு வந்தது. 1913-இல் பாதிரியார் சாண்ட்லரைத் தலைமைப் பதிப்பாசிரியராகக் கொண்டு மதுரையில் தொடங்கிய தமிழ்ப் பேரகராதியின் ஆறாம் தொகுதி 1936-இல் வெளியானது. இறுதிப் பத்தாண்டுகள் ச. வையாபுரிப் பிள்ளை அதற்குப் பதிப்பாசிரியர். 1939-இல் ஒரு இணைப்புத் தொகுதி வந்தது. கல்லும் செங்கல்லும் காட்டும் நடையில் ஓர் அகராதியைக் காட்ட முடியாது. அதனாலேயே இது பெரும்பாலும் விடுபட்டுப்போகிறது. நடையில் சேர வேண்டிய விஷயங்களுள் இதற்குத்தான் முதலிடம் தர வேண்டும். 1942 முதல் 1969 வரை இருபத்தேழு ஆண்டுகள் துணைவேந்தராக இருந்த ஆ. இலட்சுமணசுவாமி முதலியார் காலத்தில் 1957-இல் நூற்றாண்டு நிறைவு வந்தது. அதையொட்டி எழுந்த கட்டடங்கள் வளாகத்தின் முகத்தை மாற்றின. அழகில் அவை செனட் ஹவுஸுக்குப் பக்கத்தில் நிற்கக் கூசுபவை.

வாலாஜா சாலையைத் தாண்டித் தெற்கே சென்றால் மாநிலக் கல்லூரி வளாகம். சி. வி. ராமன் இங்கே மாணவராக இருந்தபோதே, 1906-இல், ஒளி விளிம்பு வளைவு குறித்த தன் முதல் ஆய்வுக் கட்டுரையை லண்டன் இதழில் வெளியிட்டார். அவருடைய அண்ணன் மகன் எஸ். சந்திரசேகர் 1930-இல் இங்கே பட்டம் முடித்து இங்கிலாந்து சென்றார். ஒரு கல்லூரி, ஒரு குடும்பம், இரண்டு இயற்பியல் நோபல் பரிசுகள். சாலையைப் பார்த்து நிற்கும் உ. வே. சாமிநாதையர் சிலை 1948-இல் வைக்கப்பட்டது. கும்பகோணம் அரசுக் கல்லூரியிலிருந்து 1903-இல் இங்கே மாற்றலாகி வந்த ஐயர் 1919 வரை தமிழ் கற்பித்தார். அவர் வாழ்ந்த திருவல்லிக்கேணி வீடு 2012-இல் இடிக்கப்பட்டுவிட்டது.

நடையின் தென்கோடி ராணி மேரி கல்லூரி. டாரத்தி டி லா ஹே என்ற இளம் ஆங்கிலப் பெண்மணியை முதல்வராகக் கொண்டு, 1914 ஜூலையில், கேப்பர் ஹவுஸ் என்ற பழைய கடற்கரை மாளிகையில் பெண்களுக்கான கல்லூரியாகத் தொடங்கியது. சென்னையின் முதல் பெண்கள் கல்லூரி அதுதான். 1917-இல் இன்றைய பெயரைப் பெற்றது. 2003-இல் இந்த வளாகத்தை அகற்றிவிட்டுத் தலைமைச் செயலகம் கட்டும் அரசுத் திட்டம் வந்தது. மாணவிகள் வளாகத்தை விட்டு நகராமல் போராடினார்கள், திட்டம் கைவிடப்பட்டது. கேப்பர் ஹவுஸ் மட்டும் தப்பவில்லை. அது சிதிலமடைந்து ஏற்கெனவே இடிக்கப்பட்டுவிட்டிருந்தது.

இவையெல்லாம் நாள்தோறும் இயங்கும் நிறுவனங்கள். அருங்காட்சியகத்துக்குப் போவதுபோல் நினைத்த நேரத்தில் உள்ளே நுழைய முடியாது. பல்கலைக்கழகத்திலும் கல்லூரிகளிலும் முன்கூட்டி எழுத்து மூலம் அனுமதி வாங்க வேண்டும். தேர்வுக் காலத்தில் அதுவும் கிடைப்பது அரிது. அனுமதி கிடைக்காவிட்டால் நடை முழுவதும் சாலையோர நடைபாதையிலேயே நடக்கும். செனட் ஹவுஸின் கோபுரங்களையும் மாநிலக் கல்லூரியின் முகப்பையும் வேலிக்கு வெளியிலிருந்தே பார்த்துவிடலாம். அரண்மனைக்கு மட்டும் வாலாஜா சாலைப் பக்கம் திரும்பி, அலுவலகக் கட்டடங்களின் இடுக்கு வழியாகப் போய்ப் பார்க்க வேண்டும். கடற்கரை வெயில் எட்டு மணிக்கெல்லாம் உறைக்கத் தொடங்கிவிடும் என்பதால் பெரும்பாலான நடைகள் ஞாயிற்றுக்கிழமை விடிகாலையில் உழைப்பாளர் சிலையருகே தொடங்குகின்றன. தேபி பிரசாத் ராய் சௌத்ரி வடித்து 1959-இல் நிறுவப்பட்ட அந்தச் சிலையின் இடத்திலிருந்து பார்த்தால், செனட் ஹவுஸ் சாலைக்கு அப்பால் தெரியும்.